ஏழாம் பாத்தியில் அடிக்கடி நடந்த கொலை

கங்காணி தவசிலிங்கம் வெட்டுப்பட்டுச் செத்த முப்பத்தோராம் நாள் காலை பத்தேகால் மணிக்கு, வேலாண்டிவிளை உப்பளத்தின் ஏழாம் பாத்தியில், அவரை மறுபடியும் வெட்டினார்கள். அப்போது அளத்தில் நாற்பது பேர் உப்பு வாரிக்கொண்டிருந்தார்கள், நாற்பது பேரும் பார்த்தார்கள். கங்காணி எப்போதும்போல வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வரப்பில் நடந்து வந்தார், குனிந்து ஒரு சிட்டிகை உப்பை எடுத்து நாக்கில் வைத்துப் பார்த்தார், நிமிர்வதற்குள் பின்னாலிருந்து லோடு ஆட்டோ ஓட்டும் நாயகம் வந்து கழுத்தில் அரிவாளை இறக்கினான், கங்காணி பாத்திக்குள் முகங்குப்புற விழுந்தார், நாற்பதடி தள்ளி உப்பு அம்பாரத்தின் ஓரத்தில் நின்று லிங்கதுரை இதையெல்லாம் பார்த்துக்கொண்டிருந்தான். பிறகு மூன்று பேருமே இல்லை. ஓடிப்போய்ப் பார்த்தவர்கள், பாத்தியில் ஆடை கட்டியிருந்த உப்பு அப்பளம் மாதிரி நொறுங்காமல் அப்படியே கிடந்ததைக் கண்டார்கள். ஒரு கால் தடம் இல்லை, ஒரு சொட்டு ரத்தம் இல்லை. கங்காணிக்குப் பதினாறாம் நாள் காரியம் முடிந்துவிட்டது, மற்ற இருவரும் ஜெயிலில் இருக்கிறார்கள் என்பது எல்லோருக்கும் தெரியும். ஆனால் வெயில் ஏறுவதற்குள் வாரி முடிக்க வேண்டிய உப்பு நிறைய இருந்ததால், கொஞ்ச நேரம் நின்று பேசிவிட்டு அவரவர் பாத்திக்குத் திரும்பினார்கள்.

எட்டாம் பாத்தியில் வாருபலகையோடு நின்ற தங்கபுஷ்பம் கங்காணியையும் பார்க்கவில்லை, அரிவாளையும் பார்க்கவில்லை. அவள் லிங்கதுரையின் பெண்டாட்டி. புருஷனைக் கண்டு ஒரு மாதமாகியிருந்தது, அதனால் அந்த ஒரு நிமிஷமும் அவள் அம்பாரத்து ஓரத்தையேதான் பார்த்துக்கொண்டிருந்தாள், ஆள் மெலிந்திருக்கிறாரா, தாடி வளர்த்திருக்கிறாரா, போட்டுக்கொண்டு போன சட்டைதானா என்று. மறுநாள் டவுனிலிருந்து சேதி வந்தது: முந்தின நாள் காலை பத்தேகாலுக்கு லிங்கதுரை மாஜிஸ்திரேட் முன்னால் நின்று நடந்ததைச் சொன்னானாம். அவன் சொல்லச் சொல்ல அவர் எழுதினாராம். அவன் சொல்லி முடித்த நேரமும் ஏழாம் பாத்தி காலியான நேரமும் ஒன்றாகவே இருந்தது. அதற்குப் பிறகு யாரும் காரணம் தேடிக் கஷ்டப்படவில்லை. லிங்கதுரை சொல்கிறான், அதனால் நடக்கிறது, அவ்வளவுதான்.

லிங்கதுரை எப்படிச் சொல்ல ஆரம்பித்தான் என்பதையும் சொல்லிவிட வேண்டும். அந்தப் பக்கத்தில் கொலைக் கேசில் மாட்டியவர்களுக்கு ஒரு வழக்கம் உண்டு, அல்லது உண்டென்று காகிதங்கள் சொல்கின்றன. மனசு உறுத்தித் தாங்க முடியாமல் விடியற்காலையில் வி.ஏ.ஓ. ஆபீசுக்கு நடந்தே போய், ஐயா நான்தான் செய்தேன், என்னை நீங்கள்தான் போலீசில் ஒப்படைக்க வேண்டும் என்று சொல்லிவிடுவார்களாம். போலீசிடம் ஒப்புக்கொண்டது கோர்ட்டில் செல்லாது, வி.ஏ.ஓ.விடம் ஒப்புக்கொண்டால் செல்லும் என்று இருப்பதால், குற்றவாளிகளின் மனசு சரியாக அந்த வாசலில்தான் உறுத்தும். லிங்கதுரையைப் போலீஸ் வீட்டிலிருந்து தூக்கிக்கொண்டு போனது ஒரு திங்கட்கிழமை. அவன் தானாக நடந்து வந்து ஒப்புக்கொண்டதாக வி.ஏ.ஓ. பரமானந்தம் எழுதியது வெள்ளிக்கிழமை. பரமானந்தம் கெட்டவர் இல்லை. ஊரில் யார் வீட்டுக் கல்யாணத்துக்கும் முதல் ஆளாக வந்து நிற்பவர். ஆனால் அவர் முதலில் எழுதிவிட்டுப் பிறகுதான் பார்ப்பார், இருபத்திரண்டு வருஷ சர்வீசில் எழுதினதற்கு மாறாக அவர் எதையும் பார்த்ததே இல்லை.

அதன்பிறகு லிங்கதுரை அப்ரூவர் ஆனான். தெரிந்ததெல்லாம் ஒளிக்காமல் சொன்னால் அவனுக்கு மன்னிப்பு, ஆனால் கேஸ் முடியும்வரை உள்ளேதான் இருக்க வேண்டும். உள்ளே இருந்தபடி அவன் இன்ஸ்பெக்டரிடம் சொன்னான், அரசு வக்கீலிடம் சொன்னான், மறந்துவிடக் கூடாதே என்று கண்ணை மூடித் தனக்குத்தானே சொல்லிப் பார்த்துக்கொண்டான், ஒவ்வொரு தடவை சொன்னபோதும் ஏழாம் பாத்தியில் கங்காணி நடந்து வந்து உப்பை ருசி பார்த்து விழுந்தார். ஐப்பசி பிறந்து மழை இறங்கி அளமெல்லாம் குளமாகக் கிடந்தபோதுகூட, மூன்று பேரும் தண்ணீர் மேல் நின்று அந்தக் காரியத்தை முடித்துவிட்டுப் போனார்கள்.

ஊர் பழகிவிட்டது. முதல் வாரம் பயந்து விபூதி பூசிக்கொண்டு வந்தவர்கள், மூன்றாம் வாரம் கஞ்சித் தூக்கைத் திறந்து வைத்துக்கொண்டு பார்த்தார்கள். பனங்கிழங்கு விற்கிறவள் கூடையை அந்த வரப்பில் இறக்கி வைத்தாள். பக்கத்து ஊர்களிலிருந்து சொந்தக்காரர்கள் வந்தால், கோயிலைக் காட்டுகிற மாதிரி ஏழாம் பாத்தியைக் காட்டிவிட்டுத்தான் சாப்பாடு போட்டார்கள். நடந்துகொண்டிருக்கும்போது குறுக்கே போகக் கூடாது என்று ஒரு மரியாதை ஏற்பட்டது, அவசரமானவர்கள், ஷூ போட்டுக்கொண்டு வரும் அளத்துச் சின்ன முதலாளிகூட, வரப்பைச் சுற்றிக்கொண்டு போனார்கள். அந்த மூன்று பேரின் நிழல் மட்டும் தனியாக விழுந்தது. காலை வெயிலில் வேலை செய்கிறவர்கள் நிழல் மேற்கே கிடக்க, அவர்கள் நிழல் கிழக்கே கிடந்தது, ஏனென்றால் லிங்கதுரை சொன்ன நேரம் சாயங்காலம் நாலு மணி.

கங்காணியின் பெண்டாட்டி செண்பகவல்லி தினமும் வந்தாள். என்றைக்குச் சொல்வான் என்று தெரியாதே, அதனால் விடிந்ததும் வந்து உட்கார்ந்துவிடுவாள். அவர் வரப்பில் நடந்து வந்து குனிகிறவரைக்கும்தான் பார்ப்பாள், நிமிரும்போது எழுந்து முதுகைக் காட்டிக்கொண்டு வீட்டுக்குப் போய்விடுவாள். ஒருநாள் மட்டும் கோபப்பட்டாள். "அவுக அன்னைக்கு நீலச் சட்டைல்லா போட்டுருந்தாவ, இவன் என்ன வெள்ளச் சட்டையப் போட்டு நடக்க விடுதான்" என்று ஏட்டையாவிடம் சண்டைக்குப் போனாள். மறுநாளே கங்காணி நீலச் சட்டையில் வந்தார். செண்பகவல்லி அன்றைக்கு அழுதுகொண்டே சிரித்தாள், ஊரும் பாவம் என்று உச்சுக்கொட்டியது, சட்டை எப்படி மாறியது என்று கேட்கிற அளவுக்கு யாருக்கும் மனசு கல்லாக இல்லை.

கூட்டாளி சொன்னதை மட்டும் நம்பி ஒருவனை உள்ளே தள்ளக் கோர்ட் தயங்கும், பக்கத் துணைக்கு வேறு சாட்சி வேண்டும். இன்ஸ்பெக்டருக்கு அந்தக் கவலை பெரிதாக இருந்தது. ஒருநாள் அவரே வந்து வரப்பில் நின்று முழுசாகப் பார்த்தார், தொப்பியைக் கழற்றி நெற்றியைத் துடைத்தார், பிறகு நோட்டை விரித்துப் பத்தொன்பது பேரிடம் வாக்குமூலம் வாங்கினார். நாயகம் வெட்டியதைக் கண்ணால் பார்த்தாயா என்று மட்டும் கேட்டார், பத்தொன்பது பேரும் பார்த்தேன் என்றார்கள். எப்போது என்று அவர் கேட்கவில்லை. அந்தப் பத்தொன்பது பேரில் ஒருவர்கூடப் பொய் சொல்லவில்லை.

தங்கபுஷ்பத்துக்கு மட்டும் ஒன்று தெரியும். கங்காணி செத்த அன்றைக்கு நாலு மணிக்கு நாயகம் அவளோடுதான் இருந்தான். வயிற்றில் கன்று குறுக்கே நின்றுபோனதால் கதறிக்கொண்டிருந்த அவளுடைய மாட்டை, நாயகம்தான் லோடு ஆட்டோவில் ஏற்றி ஏழு மைல் தள்ளியிருந்த மாட்டாஸ்பத்திரிக்குக் கொண்டுபோனான். டாக்டர் கையை உள்ளே விட்டுக் கன்றைத் திருப்பி எடுக்கும்வரை அவன்தான் மாட்டின் தலையைப் பிடித்துக்கொண்டு நின்றான். முந்தின நாள் திருச்செந்தூரில் மொட்டை போட்டுவிட்டு வந்திருந்தான், தலையில் பூசிய சந்தனம் வெயிலில் காய்ந்து பொடியாக மாட்டின் நெற்றியில் உதிர்ந்துகொண்டிருந்தது. அவர்கள் ஊர் திரும்பும்போது ஐந்தரை தாண்டிவிட்டது. மத்தியானத்தோடு அளம் காலியாகிவிடும் என்பதால் கங்காணி கிடந்ததை அடுத்த நாள் காலைதான் பார்த்தார்கள்.

ஏழாம் பாத்தியில் வந்து வெட்டுகிற நாயகத்துக்கு நெற்றியில் விழுகிற சுருட்டை முடி இருந்தது.

ஒரு வியாழக்கிழமை அவள் மனுப் போட்டுப் புருஷனைப் பார்க்கப் போனாள். கம்பி வலைக்கு அந்தப் பக்கம் அவன், இந்தப் பக்கம் அவள், சுற்றிலும் இருபது பேர் கத்திப் பேசிக்கொண்டிருந்தார்கள். அவள் வலையோடு வாயை வைத்துச் சொன்னாள்.

"ஏங்க, நாயகம் அன்னைக்கு எங்கூட மாட்டாஸ்பத்திரில இருந்தான். தலையும் மொட்டை. உங்களுக்குத் தெரியாது, நான் சொல்ல மறந்துட்டேன். ஒண்ணுமறியாதவன் மேல பழியப் போடுதீங்களே, நமக்கு வெளங்குமா?"

லிங்கதுரை வலைக்கு இன்னும் பக்கத்தில் வந்தான். பிறகு, "எத்தன மணிக்குத் திரும்புனீய?" என்று மட்டும் கேட்டான். அவன் மனசு இளகிவிட்டது என்று நினைத்து அவள் ஒளிக்காமல் சொன்னாள், ஐந்தரைக்கு மேல் ஆகிவிட்டதென்று.

சனிக்கிழமை ஏழாம் பாத்தியில் நாயகம் மொட்டைத் தலையோடு வந்தான். மூன்று பேரின் நிழலும் நீளமாகக் கிழக்கே ஓடியது, லிங்கதுரையின் நிழல் எட்டாம் பாத்தி வரை நீண்டு தங்கபுஷ்பத்தின் பாதத்தின் மேல் விழுந்தது. நேரத்தை ஆறு மணிக்கு மாற்றியிருந்தார்கள். பக்கத்தில் நின்றவள், "ஆமா, மொட்டதான போட்டுருந்தான், எனக்கும் இப்பத்தான் ஞாவகம் வருது" என்றாள். தங்கபுஷ்பம் வாருபலகையைப் போட்டுவிட்டு வரப்பில் உட்கார்ந்துவிட்டாள். கதையில் இருந்த ஓட்டையை அவளே அல்லவா கொண்டுபோய்க் காட்டி அடைத்துவிட்டு வந்திருக்கிறாள். கொலைக்குக் கூட்டாளி அவள் புருஷன், கதைக்குக் கூட்டாளி அவள்.

அன்றிலிருந்து அவளுக்கு ஒரு பயம் பிடித்துக்கொண்டது. கண்ணை மூடினால் மாட்டாஸ்பத்திரியும் சந்தனம் காய்ந்த தலையும் முன்னெல்லாம் வரும். இப்போது அந்தத் தலைக்குக் கீழே அரிவாளும் சேர்ந்து வந்தது. நான் பார்த்தது எது, அவர் சொல்லி நான் பார்த்தது எது என்று அவளே தடுமாறினாள். ஒருநாள் நாயகத்தின் அம்மா அவள் வீட்டு வாசலில் வந்து நின்றாள். கோர்ட்டுக்கு வந்து சொல்லு என்று கேட்கத்தான் வந்திருக்கிறாள் என்று தங்கபுஷ்பம் நினைத்தாள். அந்தக் கிழவி கேட்டது வேறு.

"தாயி, எம் மவன் அன்னைக்கு உங்கூடத்தான இருந்தான்? நெசமாத்தான? நானும் அங்கன போயி நின்னு பாத்துட்டேன். பெத்தவ நானே பாத்துட்டேன். நீ ஒருவாட்டி சொல்லு, நான் நம்பிக்கிடுதேன்."

"எங்கூடத்தான் இருந்தான் சித்தி" என்று தங்கபுஷ்பம் சொன்னாள். கிழவி தலையை ஆட்டினாள், ஆனால் நம்பிய முகமாக இல்லை. அவள் போனபிறகு தங்கபுஷ்பம் முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அழுதாள். இன்ஸ்பெக்டரிடமும் ஒரு தடவை போய்ச் சொல்லிப் பார்த்தாள். அவர் நாற்காலி போட்டு உட்காரவைத்து, டீ வாங்கிக் கொடுத்து, தன்மையாகத்தான் பேசினார். "உன் புருஷன் சொன்னது பொய்யின்னு ஆச்சுன்னா மன்னிப்பு ரத்தும்மா. அப்புறம் கூண்டுல நிக்கிறது அவன்தான். ஊரே கண்ணால பாத்த விசயம், நீ ஒருத்தி மாத்திச் சொல்லி அவனத் தூக்குல ஏத்தப் போறியா? யோசிச்சுக்க." யோசித்தாள். யோசிக்க யோசிக்க மாதங்கள் போயின. நாயகத்தின் பக்கத்து வக்கீல் ஆளனுப்பியபோது, காய்ச்சல் என்று சொல்லிவிட்டாள்.

அடுத்த வருஷம் புரட்டாசி கடைசியில் கேஸ் விசாரணைக்கு வந்தது. முதல் நாள் லிங்கதுரை கூண்டேறினான். அன்றைக்கு ஏழாம் பாத்தியில் நடந்ததைப் போல அதற்கு முன் நடந்ததே இல்லை. அரசு வக்கீல் கேட்கும்வரை எல்லாம் தண்ணீராக ஓடியது. எதிர்த்தரப்பு வக்கீல் எழுந்ததும் கங்காணி பாதி வழியில் நின்றுவிட்டார், பின்னால் நாலடி போனார், மறுபடி வந்தார், குனிந்தவர் குனிந்தபடியே கால் மணி நேரம் இருந்தார். நாயகம் அரிவாளை வலது கைக்கும் இடது கைக்கும் மாற்றி மாற்றிப் பிடித்தான். செண்பகவல்லி அன்றைக்கு எழுந்து போகவே இல்லை, குனிந்திருக்கும் புருஷனின் முதுகைக் கால் மணி நேரம் வைத்த கண் வாங்காமல் பார்த்தாள்.

தங்கபுஷ்பம் அம்பாரத்தோரம் நின்ற தன் புருஷனைப் பார்த்தாள். இவ்வளவு நேரம் அவன் அங்கே நின்றதே இல்லை. அப்போதுதான் கவனித்தாள், அவனுக்குக் கை இல்லை. தோள் இருந்தது, முழங்கை இருந்தது, மணிக்கட்டோடு முடிந்துபோயிருந்தது. கங்காணிக்குக் கை இருந்தது, நாயகத்துக்குக் கை இருந்தது. ஒன்றேகால் வருஷமாகச் சொல்லிச் சொல்லி எல்லாவற்றையும் திருத்தியவன், தன் கை அன்றைக்கு என்ன செய்தது என்று ஒரு தடவைகூடச் சொல்லவில்லை, அதனால் அந்த இடம் வெறுமையாகவே நின்றுவிட்டது.

மறுநாள் ஊர்ச் சாட்சிகளின் முறை. இரண்டு வேன் பிடித்து, பத்தொன்பது பேரோடு வேடிக்கைக்கு மீதி ஊரும் ஏறிக்கொண்டது, செண்பகவல்லியும் போனாள். அளத்தில் காக்கை குருவி இல்லை. அப்ரூவர் பெண்டாட்டி வேண்டாம் என்று தங்கபுஷ்பத்தை விட்டுவிட்டார்கள். அவள் பஸ் ஏறி ஜெயிலுக்குப் போய் மனுப் போட்டாள்.

லிங்கதுரை வந்ததும், "நேத்து சரியாச் சொன்னனா, ஊருல என்ன பேசிக்கிடுதாவ?" என்று கேட்டான். அவள் பதில் பேசவில்லை. என்ன பேசினாலும் அதை எடுத்து அவன் கதையில் வைத்துத் தைத்துக்கொள்வான் என்று அவளுக்குத் தெரியும். அவன் மாட்டைக் கேட்டான், கன்று வளர்ந்ததா என்று கேட்டான், மழை எப்போது வரும் என்று கேட்டான், அவள் வலையைப் பிடித்துக்கொண்டு அவனையே பார்த்தபடி நின்றாள். கேட்பதற்கு ஒன்றும் மிச்சமில்லாமல் அவன் வாய் ஓய்ந்த பிறகு, ஒன்றே ஒன்று கேட்டாள்.

"உங்க கை எங்க?"

"என்னட்டி?"

"ஏழாம் பாத்தில எல்லாருக்கும் கை இருக்கு. உங்களுக்கு மட்டும் மணிக்கட்டோட நின்னுபோவுது. நான் உங்க பொண்டாட்டி, அந்தக் கையால சோறு வாங்கித் தின்னவ. அது எங்க போச்சுன்னு மட்டும் எனக்குச் சொல்லுங்க."

லிங்கதுரை தன் இரண்டு கையையும் தூக்கிப் பார்த்தான், யாரோ கொண்டுவந்து கொடுத்துவிட்டுப் போன சாமானைப் பார்ப்பதுபோல. பிறகு சொன்னான். குரல் தாழ்ந்து, திக்கித் திக்கி, இதற்கு முன் சொல்லிப் பழகாத கதையாக அது வந்தது. "சின்ன முதலாளி என்ன வச்சு அளத்து எல்லைக்கல்ல நவுத்தி நட்டத கங்காணி பாத்துட்டாரு. நாளைக்கு எல்லாருட்டயும் சொல்லுவேன்னாரு. சின்ன முதலாளிதான் அவரப் பின்னால இருந்து கட்டிப் பிடிச்சாரு. வெட்டுனது நான், புஷ்பம். அவரு உப்ப ருசி பாக்கவே இல்ல. 'ஏலே லிங்கதுர, நீயால'ன்னு கேட்டாரு. அதக் கேட்டுட்டுத்தான் வெட்டுனேன்."

"நாயகத்த ஏன் சொன்னீங்க?"

"நாலு நாளு அடிச்சாவ. கூட இருந்தது யாரு, யாருன்னு. சின்ன முதலாளி பேரு வாயில வந்தா என்னையும் முடிச்சிருவாவன்னு பயம். கங்காணியோட கடசியாச் சண்ட போட்டவன் யாருன்னு அவுகளே கேட்டாவ. அந்தப் பேரு சுளுவா வந்துட்டு." அவன் நெற்றியை வலையில் முட்டிக்கொண்டு அழுதான். அவளும் அழுதாள், அவன்மேல் அவளுக்கு அருவருப்பு வந்தது, வலைக்குள் விரலை விட்டு அவன் விரலைத் தொடவும் தோன்றியது. தொட்டாள். சுவர்க் கடிகாரத்தில் மணி பதினொன்றரை ஆகியிருந்தது.

அந்த நேரத்தில் வேலாண்டிவிளையில் பார்ப்பதற்கு ஒருவரும் இல்லை. ஊரே கோர்ட்டில் நின்று, கண்ணால் பார்த்ததைச் சொல்லிக்கொண்டிருந்தது.

அவள் பஸ்ஸைவிட்டு இறங்கியபோது வடகிழக்கில் மேகம் கறுத்திருந்தது. அந்த வருஷத்து முதல் மழை. கால் தானாகவே அளத்துக்குப் போயிற்று. ஏழாம் பாத்தியில் உப்பு நொறுங்கிக் கிடந்தது. ஒன்றேகால் வருஷமாக எத்தனையோ தடவை வெட்டியும் ஒரு கீறல் விழாத பாத்தியில், இன்றைக்கு உப்பு ஆடை உடைந்து, கீழே இருந்த சேறு தெரிந்து, நடுவில் ஒரு ஆள் விழுந்த பள்ளம் இருந்தது, பள்ளத்தின் ஓரம் பழுப்பாக ஊறியிருந்தது. பள்ளத்துக்குப் பின்னால் இரண்டு ஷூ தடம், அளத்தில் ஷூ போட்டுக்கொண்டு நடப்பவர் ஒரே ஒருவர்தான். முன்னால் இரண்டு வெறுங்கால் தடம். இடது காலில் சுண்டுவிரல் இல்லை. கல்யாணமான புதிதில், இறுகிய உப்பைக் கடப்பாரையால் உடைக்கும்போது லிங்கதுரை தன் சுண்டுவிரலையும் சேர்த்து உடைத்துக்கொண்டான். அந்தக் காலுக்கு மூன்று மாதம் மருந்து வைத்துக் கட்டியவள் அவள்.

முதல் சொட்டு அவள் கழுத்தில் விழுந்தது. சும்மா நின்றால் போதும். அரை மணி நேரம் கையைக் கட்டிக்கொண்டு நின்றால் மழை எல்லாவற்றையும் கரைத்துவிடும், புருஷன் கேஸ் முடிந்து வீட்டுக்கு வந்துவிடுவான், கன்றுக்குட்டியைத் தடவிக்கொடுப்பான், அவன் தொட்ட சோற்றை அவள் தின்பாள். ஒரு சாமியையும் கூப்பிட அவளுக்கு வாய் வரவில்லை. நின்றாள், பத்துச் சொட்டு விழும்வரை நின்றாள். பிறகு ஓடினாள். அம்பாரத்தை மூடுவதற்காகச் சுருட்டி வைத்திருந்த தார்ப்பாயை இழுத்துக்கொண்டு வந்து பாத்தியின் மேல் விரித்தாள். காற்று அதைத் தூக்கியது, ஒரு முனையைப் பிடித்தால் மறுமுனை பறந்தது, அவள் அதன்மேல் குப்புறப் படுத்து முழங்கையை ஊன்றிக்கொண்டாள், தடத்தின்மேல் பாய் அமுங்கிவிடாமல் வயிற்றை எக்கிக்கொண்டாள்.

நாலு மணிக்கு வேன்கள் வந்தன. இறங்கியவர்களுக்கு வாய் கொள்ளவில்லை. "எத்தன அடி தூரத்துல நின்னு பாத்தன்னு வக்கீல் கேட்டாரு. ஒருநா இருபது அடி, ஒருநா அம்பது அடின்னு உள்ளதச் சொன்னேன். நம்ம அரசு வக்கீலுக்கு ஒரே இருமல்" என்றான் ஒருவன். தார்ப்பாயோடு மல்லுக்கட்டிக்கொண்டிருந்தவளைக் கண்டதும் எல்லோரும் பாத்திக்கு ஓடிவந்தார்கள். பாயைத் தூக்கி எட்டிப் பார்த்தார்கள்.

"கால் தடம்லா விழுந்துருக்கு."

"நாயகம் காலுதான். பாரு, அவன் காலேதான்."

"அப்பரூவர் பொண்டாட்டின்னாலும் புத்தியா மூடி வச்சிருக்கா."

ஐந்து விரலும் தெரிவதாக அவர்கள் ஒருவருக்கொருவர் காட்டிக்கொண்டார்கள். அவ்வளவு நாள் பார்த்துப் பழகிய கண்கள். பத்துப் பேர் சேர்ந்து தார்ப்பாயைத் தூக்கிப் பந்தலாகப் பிடித்தார்கள், செண்பகவல்லி கங்காணி விழுந்த பக்கத்து முனையைப் பிடித்துக்கொண்டாள், ஒருவன் வி.ஏ.ஓ.வுக்குப் போன் போட்டான். தங்கபுஷ்பம் நனைந்து நடுங்கிக்கொண்டு நடுவில் உட்கார்ந்திருந்தாள்.

பரமானந்தம் குடை பிடித்துக்கொண்டு பைக்கில் பின்னால் உட்கார்ந்து வந்தார். பிளாஸ்டிக் பைக்குள் மகஜர் எழுதித் தயாராக இருந்தது, போனில் கேட்டதுமே ஆபீசில் உட்கார்ந்து எழுதிவிட்டார். பாத்திக்கு வெளியே நின்றபடியே படித்தார். "மேற்படி இடத்தில் மேற்படி நாயகம் என்பவரின் காலடித் தடங்களை, தங்கபுஷ்பம் என்பவர் அடையாளம் காட்ட, சாட்சிகள் முன்னிலையில் பார்வையிட்டு..." பேனாவைத் திறந்து அவளிடம் நீட்டினார். "இங்கன ஒரு கையெழுத்துப் போடும்மா. மழ வலுக்குது."

"அத அடிச்சிட்டு எழுதுங்க ஐயா."

"எத?"

"நாயகம் பேர. இது எம் புருஷன் காலு. நான் மருந்து வச்சுக் கட்டுன காலு."

 சிலர் பிடியை விட்டார்கள், ஒரு பக்கம் பாய் சரிந்து தண்ணீர் கொட்டியது. செண்பகவல்லி கையை விடவில்லை. அவள் தலையைக் குனிந்து வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள், அவள் உதடு ஒவ்வொன்றாக எண்ணியது. பிறகு திரும்பாமலே சொன்னாள், "நாலு வெரல்தான் இருக்கு. வந்து பாத்துட்டு எழுதும்."

பரமானந்தம் பேனாவை மூடிச் சட்டைப் பையில் வைத்தார், மூக்குக் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டார், செருப்பைக் கழற்றிவிட்டுத் தார்ப்பாய்க்கு அடியில் குனிந்து வந்தார்.